சுண்ணம் உடைக்கும் அலை



விழுப்புரம் மாவட்டக் கடற்கரையில் மரக்காணம் உப்பளங்கள் பரந்து கிடப்பதை உங்களுள் சிலர் கண்டிருப்பீர்கள். கடல்நீர் வெயிலில் சுண்டும்பொழுது முதலில் படிவது உப்பு அன்று. சுண்ணச் சத்துள்ள ஜிப்சம் அதற்கு முன்னரே படிந்து இறுகிவிடும். இதயத்திற்குக் குருதி கொணரும் தமனிகளிலும் சுண்ணம் படிவதுண்டு. ஆயினும் உவமையை இவ்வளவில் நிறுத்துகிறேன். முன்னது நீர் ஆவியாவதன் விளைவு. பின்னதோ முதுமை, நீரிழிவு, சிறுநீரக நோய் முதலியவற்றால் உயிர்த்திசுவில் நிகழும் மாறுதல்.

1977-இல் சூரிச் நகர மருத்துவர் ஆந்திரியாஸ் குருன்ட்சிக், அடைபட்ட இதயத் தமனியைச் சிறு பலூனால் விரித்துக் காட்டினார். ஆனால் சுண்ணம் இறுகிய தமனி பலூனுக்கு எளிதில் இணங்குவதில்லை. மிகுதியாக அழுத்தினால் குழாய் கிழியக்கூடும். உள்ளே வைக்கும் ஸ்டென்ட் என்னும் வலைக்குழாயும் முழுமையாக விரியாது.

இங்கே வழிகாட்டியது சிறுநீரகக் கல் மருத்துவம். 1980-இல் மியூனிக் நகரில், உடலைக் கீறாமலே அதிர்வலையால் கல்லை நொறுக்கினர். அந்த அலையையே இன்று பலூனுக்குள் அடக்கியுள்ளனர். திரவம் நிரம்பிய பலூனை ஏறத்தாழ 4 வளிமண்டல அழுத்தத்தில் மெல்ல விரிப்பர். உள்ளே மின்பொறி எழும். திரவம் கணத்தில் ஆவிக்குமிழாகும். அதனின்று சுமார் 50 வளிமண்டல அழுத்தமுள்ள அலை பிறக்கும். மென்மையான திசு அதற்கு நெகிழ்ந்து கொடுக்கும். நெகிழ அறியாத சுண்ணமோ விரிசல் காணும். சுண்ணம் அகற்றப்படுவதில்லை, கட்டுத் தளர்ந்து ஸ்டென்டுக்கு இடம் தருகிறது.

384 நோயாளிகளிடம் நடந்த ஓர் ஆய்வில், நூற்றுக்கு 92 பேர் முப்பது நாள்வரை இதய நோயால் இறப்பு, மாரடைப்பு, அதே தமனிக்கு மறுசிகிச்சை ஆகிய இடர்களின்றி இருந்தனர். 2021-இல் அமெரிக்க அரசு இம்முறைக்கு ஒப்புதல் அளித்தது.

எனினும் இது விரிசல் உண்டாக்கும் கருவியே. நோயின் வேரை அறுக்கும் மருந்து அன்று. வேர் எங்கே என்பதற்கு உப்பளமே ஒரு சான்று. தமிழ்நாட்டு உப்பளத் தொழிலாளரை ஆராய்ந்து 2023-இல் வெளியான ஆய்வு, கடும் வெப்பத்தில் உழைப்போரின் சிறுநீரகம் நலிவதைச் சுட்டியது. சிறுநீரகம் நலிந்தால் தமனிகளில் சுண்ணம் விரைந்து படியும். ஆதலின் உப்பளத்தில் உழைப்பவருக்கு நிழலும் குடிநீரும் ஓய்வும் கிடைக்கச் செய்வதும் இதய மருத்துவமே என்பேன். விலை மிகுந்த பலூன் அவரைச் சென்றடைவதற்கு முன்பே அவை சென்றடைதல் வேண்டும்.