உந்தியில் எழுந்து உள்ளத்தைத் தொடும் ஒலி

ஒருவர் மனத்தில் உள்ளது இன்னொருவர் மனத்துக்கு எவ்வாறு சென்று சேர்கிறது? மூச்சு, குரல், செவி ஆகியவையே வழி என்று இன்று எளிதாகச் சொல்லிவிடுகிறோம். நம் முன்னோர் அந்த வழியை உடலின் ஆழத்திலிருந்து வரைந்து காட்டினர். அந்த வரைபடத்தில் உடற்கூறும் உண்டு; மறைஞானமும் உண்டு. இரண்டையும் பிரித்தறிந்து படித்தால், இரைச்சல் மிகுந்த நம் நகர வாழ்வுக்கு அதில் ஒரு செய்தி இருப்பதாகவே எனக்குத் தோன்றுகிறது.

தொல்காப்பிய எழுத்ததிகாரத்தின் மூன்றாவது இயல் பிறப்பியல். உந்தியிலிருந்து எழும் காற்று தலை, மிடறு, நெஞ்சு ஆகிய மூன்றிடங்களில் நிலைபெற்று, பல், இதழ், நா, மூக்கு, அண்ணம் ஆகியவற்றோடு பொருந்தி எழுத்தொலியாகப் பிறக்கிறது என்று அது எட்டு உறுப்புகளை வகுக்கிறது. அந்த இயலின் முடிவில் தொல்காப்பியர் ஓர் எல்லைக்கோட்டையும் வரைகிறார். காற்று உடலுக்குள்ளே எழுந்து இயங்கும் முறை மறைநூலுக்கு உரியது என்றும், வெளியே வந்து பொருள் உணர்த்தும் ஒலியின் அளவையே தாம் கூறியதாகவும் தெளிவுபடுத்துகிறார். இலக்கண ஆசிரியரின் இந்தத் தெளிவு வியப்புக்குரியது.

அவர் தொடாமல் விட்ட உள்வழியைப் பிற்காலத்தார் விரித்துரைத்தனர். சைவ சித்தாந்தம் வாக்கை நான்கு நிலைகளாகப் பிரிக்கிறது. சூக்குமை என்பது மிக நுண்ணிய நாத நிலை. பைசந்தியில் எழுத்துகள் தனித்தனியே பிரியாமல் ஒன்றாய் உறைகின்றன. மயில் முட்டையின் நீருக்குள் தோகையின் வண்ணங்கள் அனைத்தும் ஒடுங்கியிருப்பதை இதற்கு உவமையாகச் சொல்வார்கள். மத்திமையில் சொற்கள் மனத்துக்குள் வரிசைப்படுகின்றன. ஆனால் பிறர் செவிக்குக் கேட்பதில்லை. வைகரியே செவிக்குக் கேட்கும் சொல். யோக நூல்கள் கூறும் ஆறு ஆதாரங்களில் நெஞ்சில் இருப்பது அநாகதம். எதனோடும் மோதாமல் எழும் ஒலி என்பது அப்பெயரின் பொருள். 13ஆம் நூற்றாண்டில் தேவகிரி யாதவர் அவையில் இருந்த சார்ங்கதேவர், தமது சங்கீத ரத்னாகரத்தில் உடலின் தோற்றத்தைச் சொல்லிவிட்டே இசைக்குள் நுழைகிறார். நெஞ்சில் 22 நாடிகள் உண்டு என்றும், அவற்றிலிருந்தே 22 சுருதிகள் பிறக்கின்றன என்றும் அவர் கூறுகிறார்.

அறுவை மருத்துவரின் கத்தி அந்த நாடிகளைக் காணாது. மூச்சு நுரையீரலிலிருந்து வருகிறது; குரல்வளையில் உள்ள நாண்கள் அதிர்ந்தே குரல் பிறக்கிறது. எனினும் தாழ்ந்த குரல் நெஞ்சிலும் உயர்ந்த குரல் தலையிலும் அதிர்வதாகப் பாடுகிறவர்கள் உணர்கிறார்கள். மேலைநாட்டு இசைப் பயிற்சியிலும் நெஞ்சுக் குரல், தலைக் குரல் என்ற வழக்கு உண்டு. ஆகவே பழைய வரைபடத்தை, பாடுகிறவர் தம் உடலில் உணர்ந்த அனுபவத்தின் வரைபடம் என்று கொள்வதே பொருத்தம்.

அந்த அனுபவம் ஒருவரோடு நின்றுவிடுவதில்லை என்பதற்குத் திருவல்லிக்கேணியே சான்று. பார்த்தசாரதிப் பெருமாள் வீதியுலா வரும்போது, முன்னே திவ்வியப் பிரபந்த கோஷ்டியும் பின்னே வேத கோஷ்டியும் செல்கின்றன. ஒருவர் பாசுரத்தை எடுத்துக்கொடுக்க, மற்றவர்கள் அதில் இணைகிறார்கள். எங்கே நிறுத்துவது, எங்கே மூச்சை இழுப்பது என்பதை யாரும் கைகாட்டிச் சொல்வதில்லை; அருகில் இருப்பவரின் குரலைக் கேட்டே அது அமைகிறது. 2013இல் ஸ்வீடனின் கோதன்பர்க் பல்கலைக்கழக ஆய்வாளர்கள், 18 வயது இளைஞர்கள் சிலரைச் சேர்ந்து பாடச் செய்து அவர்களின் இதயத் துடிப்பை அளந்தனர். பாடலின் அமைப்பு மூச்சை ஒழுங்குபடுத்த, மூச்சின் வழியே அவர்களின் இதயத் துடிப்பும் ஒருசேர ஏறி இறங்கியது. பலர் கூடிப் பாடுகையில் நெஞ்சும் இணைகிறது என்பது வெறும் உவமையன்று.

மூச்சு இணைந்தால் மட்டும் போதுமா? அமெரிக்காவின் பிரின்ஸ்டன் பல்கலைக்கழகத்தில் யூரி ஹாசன் குழுவினர் 2010இல் வெளியிட்ட ஆய்வு இதற்கு விடை தருகிறது. கதை சொல்பவரின் மூளையில் தோன்றிய செயற்பாடுகள், கதையைக் கேட்டவர்களின் மூளையிலும் ஒத்த வடிவில் தோன்றின. கதை எவ்வளவு புரிந்ததோ அவ்வளவுக்கு ஒத்திசைவும் வலுத்தது. கேட்பவர்களுக்குத் தெரியாத ரஷ்ய மொழியில் கதை சொல்லப்பட்டபோது அந்த இணைப்பு மறைந்துவிட்டது. ஓசை காதுக்குள் நுழைந்தால் மட்டும் மனங்கள் இணைவதில்லை. பொருள் விளங்க வேண்டும். வெளியே வந்து பொருள் உணர்த்தும் ஒலியையே தம் எல்லையாக வகுத்துக்கொண்ட தொல்காப்பியரை இங்கே நினைக்காமல் இருக்க முடியவில்லை.

1907 மே மாதத்தில் இதே திருவல்லிக்கேணிக் கடற்கரையில் விபின் சந்திர பால் ஆற்றிய உரைகளைக் கேட்க ஆயிரக்கணக்கானோர் திரண்டனர். அவரைச் சென்னைக்கு வரவழைத்ததில் பாரதியாருக்கும் பங்குண்டு. ஒலிபெருக்கி இல்லாத காலம் அது. அலையோசைக்கு நடுவே ஒரு மனிதக் குரல் அத்தனை பேரைத் தொட்டது என்றால், பேசியவரின் ஆற்றல் மட்டுமே அதற்குக் காரணமன்று. கூடியிருந்தவர்கள் அமைதி காத்துச் செவி கொடுத்ததும் காரணம்.

அந்தச் செவிதான் இன்று ஆபத்தில் இருக்கிறது. நத்தை ஓடு போலச் சுருண்ட உட்செவியில், பிறக்கும்போது காதுக்கு ஏறத்தாழ 16,000 மயிரிழைச் செல்கள் உள்ளன. பேரிரைச்சலால் அவை அழிந்தால் மனிதருக்கு மீண்டும் வளர்வதில்லை. 2000ஆம் ஆண்டின் ஒலி மாசு விதிகள், குடியிருப்புப் பகுதிகளுக்குப் பகலில் 55 டெசிபல், இரவில் 45 டெசிபல் என வரம்பு விதிக்கின்றன. இரவு 10 மணி முதல் காலை 6 மணி வரை திறந்தவெளியில் ஒலிபெருக்கி கூடாது. மருத்துவமனை, பள்ளி, நீதிமன்றம் ஆகியவற்றைச் சுற்றி 100 மீட்டர் அமைதிப் பகுதி. அதே ஆண்டு ஆகஸ்டில், சென்னையிலிருந்து சென்ற ஒரு வழக்கில், ஒலிபெருக்கி வைத்துப் பிறர் அமைதியைக் குலைத்து வழிபட வேண்டும் என்று எந்தச் சமயமும் விதிக்கவில்லை என உச்ச நீதிமன்றம் தெளிவாகக் கூறியது. பெருமாள் கோயிலும், 1795இல் எழுந்த வாலாஜா பள்ளிவாசலும், 1885இல் தொடங்கிய கஸ்தூர்பா காந்தி மகளிர், குழந்தைகள் மருத்துவமனையும் அருகருகே உள்ள வட்டாரம் இது. ஒருவரின் பக்தியும் இன்னொருவரின் தூக்கமும் ஒரே காற்றைப் பகிர்ந்துகொள்ள வேண்டியிருக்கிறது.

கோயில் விழாவோ, கட்சிக் கூட்டமோ, திருமண ஊர்வலமோ, எதையும் நான் குறை சொல்லவில்லை. ஒலிபெருக்கியையும் முற்றாக மறுக்கவில்லை. பெருங்கூட்டத்துக்கு அது தேவை. ஆனால் அளவு மீறும்போது, கூட்டத்தில் உள்ளவர் குரலெடுத்துப் பாடுவதை நிறுத்திவிடுகிறார். பக்கத்தில் இருப்பவரின் மூச்சு அவருக்குக் கேட்பதில்லை. கூடிப் பாடியவர்கள் வெறும் கேட்பவர்களாகி, பிறகு காதைப் பொத்திக்கொள்பவர்களாகிவிடுகிறார்கள். இருவழியாக ஓடிய உறவு ஒருவழித் தாக்குதலாகிவிடுகிறது.

விதிகள் ஏற்கெனவே உள்ளன. அவற்றைக் காவல்துறையும் விழாக் குழுவினரும் மதித்தாலே பாதி வேலை முடிந்துவிடும். மீதி நம் கையில் உள்ளது. உந்தியிலிருந்து எழும் ஒலி இன்னோர் உள்ளத்தை அடைய மூச்சு வேண்டும், பொருள் வேண்டும், கேட்கும் செவி வேண்டும். உரத்த ஓசை இம்மூன்றில் எதற்கும் ஈடாகாது.