சர்க்கரைக்கு வரி போட்டால் ராணியின் கிரீடம் பறிபோகுமா? - அமெரிக்கப் போர்களுக்குக் கணக்கு எழுதிய வரலாற்றாசிரியர்!

சர்க்கரைக்கும் சிம்மாசனத்துக்கும் என்ன சம்பந்தம்?

1890-ல் அமெரிக்க நாடாளுமன்றம் ஒரு வரிச் சட்டம் கொண்டுவந்தது. அதன் சூத்திரதாரி, பின்னாளில் ஜனாதிபதியான வில்லியம் மெக்கின்லி. அந்தச் சட்டத்தில் சர்க்கரைக்கும் ஒரு பிரிவு இருந்தது. எந்த நாட்டிலிருந்து சர்க்கரை வந்தாலும் வரி இல்லை. ஆனால், அமெரிக்க விவசாயிகள் உற்பத்தி செய்யும் சர்க்கரைக்கு மட்டும் பவுண்டுக்கு 2 சென்ட் அரசு மானியம்.

அடி விழுந்தது ஹவாய்க்கு. அப்போது அது ராணி லிலியுகலானி ஆண்ட தனி நாடு. அதுவரை வரியே இல்லாமல் அமெரிக்காவுக்குச் சர்க்கரை விற்று வந்த ஹவாய்த் தோட்டங்கள் அந்தச் சலுகையை இழந்தன. 'அமெரிக்காவோடு சேர்ந்துவிட்டால் மானியம் நமக்கும் கிடைக்குமே' என்ற கணக்கு, அங்கிருந்த அமெரிக்க வம்சாவளி வியாபாரிகள் மத்தியில் ஓடியது. 1893 ஜனவரியில் அமெரிக்கக் கடற்படை வீரர்கள் கரையில் இறங்கி நிற்க, ராணியின் ஆட்சி கவிழ்க்கப்பட்டது. 1898-ல் ஹவாய் அமெரிக்காவுடன் இணைக்கப்பட்டது.

இப்படி வியாபாரக் கணக்கையும் போர்க் கணக்கையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் படிக்கச் சொன்னவர், வால்டர் லாஃபீபர்.

மளிகைக் கடைக்காரர் மகன்!

1933-ல் இண்டியானா மாநிலத்தின் வாக்கர்டன் என்ற சிற்றூரில் பிறந்தவர் லாஃபீபர். அப்பா மளிகைக் கடை வைத்திருந்தார். விஸ்கான்சின் பல்கலைக்கழகத்தில் முனைவர் பட்டம் முடித்த கையோடு, 1959-ல் கார்னெல் பல்கலைக்கழகத்தில் ஆசிரியராகச் சேர்ந்தார். 2006-ல் ஓய்வுபெறும் வரை அங்கேயேதான் இருந்தார்.

கையில் குறிப்புத் தாள் இருக்காது. கரும்பலகையில் சில வார்த்தைகளை மட்டும் எழுதிவிட்டுப் பேசத் தொடங்குவார். சனிக்கிழமை காலை வகுப்புக்கும் மாணவர்கள் தூக்கத்தை விட்டு ஓடி வருவார்கள். அவருடைய பிரிவு உபசார உரைக்கு நியூயார்க்கின் பீக்கன் தியேட்டரையே பிடிக்க வேண்டியிருந்தது. ஏறக்குறைய 3,000 பேர் திரண்டார்கள். ஒரு வரலாற்று வாத்தியாருக்கு இப்படி ஒரு கூட்டம்!

'புதிய பேரரசு' சொன்னது என்ன?

1963-ல் வெளிவந்த 'தி நியூ எம்பயர்' (புதிய பேரரசு) லாஃபீபருக்குப் பெயர் வாங்கிக் கொடுத்த நூல். 1898-ல் ஸ்பெயினுடன் நடந்த போரில் அமெரிக்கா 'ஏதோ தெரியாமல்' உலக வல்லரசு ஆகிவிட்டது என்றுதான் பலரும் அதுவரை எழுதினார்கள். 'இல்லை, அதற்கு முன் முப்பது, நாற்பது ஆண்டு தயாரிப்பு இருக்கிறது' என்றார் லாஃபீபர்.

அவர் வாதம் எளிமையானது. உள்நாட்டுப் போருக்குப் பிறகு அமெரிக்கத் தொழிற்சாலைகளும் பண்ணைகளும் உற்பத்தி செய்து குவித்தன. வாங்க உள்நாட்டில் ஆள் போதவில்லை. 1893-ல் பெரும் பொருளாதார நெருக்கடி. வங்கிகள் மூடப்பட்டன, வேலைகள் போயின, தொழிலாளர்கள் தெருவில் இறங்கினார்கள். 'சரக்கை விற்க வெளிநாட்டுச் சந்தை வேண்டும், இல்லாவிட்டால் உள்ளூரில் கலவரம்தான்' என்ற எண்ணம் முதலாளிகளிடமும் அரசியல்வாதிகளிடமும் பரவியது. சந்தை வேண்டுமென்றால் கப்பல் வேண்டும். கப்பலுக்குப் பாதுகாப்பாகக் கடற்படை வேண்டும். கடற்படைக்கு நிலக்கரி நிரப்ப வழியெங்கும் துறைமுகங்கள் வேண்டும்!

இதற்கிடையே 1894-ல் வரிச் சட்டம் மறுபடி மாறியது. சர்க்கரைக்கு 40 சதவிகித வரி. இந்த முறை அடி வாங்கியது கியூபா. வேலையிழந்தவர்களின் கோபம் ஸ்பெயினுக்கு எதிரான பழைய பகையோடு சேர, 1895-ல் விடுதலைப் போர் வெடித்தது. 1898-ல் அமெரிக்கா அதில் குதித்தது. சில மாதங்களில் போர் முடிந்தபோது போர்ட்டோ ரிக்கோவும் குவாமும் அமெரிக்கா வசம். பிலிப்பைன்ஸுக்கு விலை 2 கோடி டாலர். விடுதலை கேட்டுப் போராடிய பிலிப்பைன்ஸ் மக்களோ அடுத்து அமெரிக்காவுடனேயே போரிட வேண்டி வந்தது.

கால்வாய், வாழைப்பழம், எண்ணெய், ஷூ!

லாஃபீபரின் மற்ற நூல்களிலும் ஒரு பொருளைப் பிடித்துக்கொண்டே போகலாம்.

* பனாமா கால்வாய்: 1978-ல் இதைப் பற்றி நூல் எழுதினார். கால்வாயைப் பனாமாவிடமே திருப்பிக் கொடுக்கலாமா என்று அமெரிக்காவே இரண்டாகப் பிரிந்து சண்டையிட்ட நேரம் அது. 1903-ல் பனாமா சார்பில் அந்த ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டவர் ஒரு பிரெஞ்சுக்காரர்! 1978-ல் செனட்டில் 68-க்கு 32 என்ற கணக்கில் ஒப்புதல் கிடைத்தது. தேவைப்பட்டது 67 வாக்குகள். 1999-ன் கடைசி நாளில் கால்வாய் கைமாறியது.

* வாழைப்பழம்: 1983-ல் வந்த 'இன்எவிட்டபிள் ரெவல்யூஷன்ஸ்' (தவிர்க்க முடியாத புரட்சிகள்) மத்திய அமெரிக்காவின் ஐந்து நாடுகளைப் பற்றியது. குவாத்தமாலாவில் யுனைடெட் ஃப்ரூட் கம்பெனியின் தரிசு நிலத்தை எடுத்து ஏழைகளுக்குக் கொடுத்த ஜனாதிபதி ஆர்பென்ஸ், 1954-ல் சி.ஐ.ஏ. உதவியோடு விரட்டப்பட்டார். ஓரிரு பயிர்களையும் ஒரே வாடிக்கையாளரையும் நம்பி நிற்கும் நாட்டில் சீர்திருத்தத்துக்கு வழியை அடைத்தால், புரட்சிதான் மிஞ்சும் என்பது நூலின் சாரம்.

* எண்ணெய்: அமெரிக்க-ஜப்பான் உறவைப் பற்றிய 'தி க்ளாஷ்' (மோதல்) 1997-ல் வந்தது. பான்கிராஃப்ட் விருது பெற்ற நூல். 1853-ல் நான்கு கப்பல்களோடு வந்து ஜப்பானின் கதவைத் தட்டிய கமோடர் பெர்ரியில் தொடங்குகிறது. சீனச் சந்தை யாருக்கு என்ற போட்டி, 1941-ல் அமெரிக்கா எண்ணெயை நிறுத்துவதிலும், அதே ஆண்டு டிசம்பரில் பேர்ல் ஹார்பர் தாக்குதலிலும் வந்து நின்றது. அந்த பேர்ல் ஹார்பரை அமெரிக்கக் கடற்படை பெற்றதே, ஹவாயுடன் போட்ட சர்க்கரை ஒப்பந்தத்தை 1887-ல் புதுப்பித்தபோதுதான்!

* ஷூ: 1999-ல் மைக்கேல் ஜோர்டானை வைத்தே ஒரு நூல். செயற்கைக்கோள் டி.வி-யும் நைக்கி விளம்பரமும் சேர்ந்து, ராணுவம் போகாத இடத்துக்கும் அமெரிக்காவைக் கொண்டுசேர்த்த கதை.

எல்லாவற்றுக்கும் காசுதான் காரணமா?

இதுதான் லாஃபீபர் மீது வைக்கப்படும் முக்கியமான விமர்சனம். ஸ்பெயின் போருக்கு முன் பத்திரிகைகள் மூட்டிய ஆவேசம், கியூப மக்கள் மீதான இரக்கம், உள்நாட்டு அரசியல் நெருக்கடி இவற்றுக்கெல்லாம் அவர் உரிய இடம் கொடுக்கவில்லை என்கிறார்கள் சிலர். எல்லோரும் கனவு கண்ட சீனச் சந்தை, நிஜத்தில் அவ்வளவு பெரிதாக வளரவே இல்லை என்பதும் உண்மை. ஆனால், கனவு பொய்த்துப்போனாலும் அந்தக் கனவுக்காகப் போட்ட சண்டை நிஜம்தானே?

இன்னொரு விசித்திரமும் உண்டு. அமெரிக்க வெளியுறவுக் கொள்கையை இப்படித் தோலுரித்தவரின் வகுப்பிலிருந்தே, அந்தக் கொள்கையை நடத்தியவர்களும் வந்தார்கள். பில் கிளின்டனின் தேசியப் பாதுகாப்பு ஆலோசகர் சாண்டி பெர்கர், ஜார்ஜ் டபிள்யூ. புஷ்ஷின் ஆலோசகர் ஸ்டீபன் ஹேட்லி இருவரும் அவர் மாணவர்கள். இரண்டு எதிரெதிர் கட்சிகள், ஒரே வாத்தியார்!

2021 மார்ச்சில், 87 வயதில் லாஃபீபர் காலமானார். 'வரி' என்ற வார்த்தை மறுபடி தலைப்புச் செய்தியான காலத்தைப் பார்க்க அவர் இல்லை. 2025 ஆகஸ்ட்டில் அமெரிக்கா இந்தியப் பொருள்களுக்கு 50 சதவிகிதம் வரை வரி விதித்தபோது, வாஷிங்டனில் போட்ட கையெழுத்துக்குத் திருப்பூர் பனியன் கம்பெனிகள் பதறின. ஒரு நாட்டின் வரிப் பட்டியல் இன்னொரு நாட்டின் அடுப்படி வரை வரும் என்பது ஹவாயும் கியூபாவும் 130 ஆண்டுகளுக்கு முன்பே பட்டறிந்த பாடம்.

அடுத்த முறை 'வர்த்தகப் பேச்சுவார்த்தை' என்ற செய்தி உங்கள் மொபைலில் வந்தால், போரடிக்கும் என்று தள்ளிவிட்டுப் போய்விடாதீர்கள்!