மழை பெஞ்சா வயசாகும்!

மழை வந்தா நாம என்ன பண்ணுவோம்? கேன்டீன்ல ஒதுங்கி சூடா ஒரு டீ, ரெண்டு பஜ்ஜி. பைக் பார்ட்டிகள் வேணும்னே நனைஞ்சுக்கிட்டு போவாங்க. மிஞ்சிப் போனால் ஜலதோஷம், வீட்டில் நாலு திட்டு. அவ்வளவுதானே?

ஆனால், ஒரு துளி கையில் பட்டால் அந்த இடம் மட்டும் எண்பது வயசுத் தாத்தாவோட தோல் மாதிரி சுருங்கிப்போகும் என்றால்?

பயப்படாதீங்க பாஸ், இது நம்ம ஊர் மழை இல்லை. 'டெத் ஸ்ட்ராண்டிங்' என்கிற வீடியோ கேமில் பெய்கிற மழை. பெயர் 'டைம்ஃபால்'. 'மெட்டல் கியர்' கேம்களால் உலகப் புகழ் பெற்ற ஜப்பான்காரர் ஹிடியோ கோஜிமா, 2015-ல் பழைய கம்பெனியை விட்டு வெளியே வந்து சொந்தமாகக் கடை திறந்து, 2019 நவம்பரில் இறக்கிய முதல் சரக்கு இது.

கதை நடப்பது சிதைந்துபோன அமெரிக்காவில். உயிரோடு இருக்கிறவர்கள் உலகத்துக்கும் செத்தவர்கள் உலகத்துக்கும் நடுவில் இருந்த சுவர் உடைந்துவிட்டது. மிச்சமிருக்கும் ஜனங்கள் கதவைச் சாத்திக்கொண்டு உள்ளேயே கிடக்கிறார்கள். காரணங்களில் ஒன்று, இந்த மழை. எதைத் தொட்டாலும் அதன் காலத்தை ஃபாஸ்ட் ஃபார்வர்டில் ஓட்டிவிடும். புல் மேல் விழுந்தால், கண்ணெதிரே முளைத்து, பூத்து, கருகிப்போகும். இரும்பு துருப்பிடிக்கும். மனுஷன் கிழவனாவான்.

இந்த ஊரில் நம்ம ஹீரோ சாம் என்ன வேலை பார்க்கிறார் தெரியுமா? டெலிவரி! முதுகில் பெட்டிகளை அடுக்கிக்கொண்டு, மலை ஏறி, ஆற்றைக் கடந்து, நடந்தே போய்க் கொடுக்க வேண்டும். நடித்திருப்பவர் 'வாக்கிங் டெட்' சீரியல் புகழ் நார்மன் ரீடஸ். சாமுக்கு உடம்பை மூடும் சூட் இருக்கிறது. பெட்டிகளுக்கு? நனைய நனைய மேல்மூடி துருவேறும், அப்புறம் உள்ளே இருக்கிற பொருளும் காலி. அதுக்கு ஒரு ஸ்ப்ரே அடிக்கணும். கொட்டுற மழையில் பீட்சா கொண்டு வந்து தருகிற பசங்களை நினைச்சுக்கிட்டேன், நிஜமா. (பீட்சா டெலிவரியும் கேமில் உண்டு. பெட்டியைச் சாய்த்தால் போச்சு!)

"நடந்துக்கிட்டே இருக்கிறதெல்லாம் ஒரு கேமாடா?" என்று கிண்டல் பண்ணி பாதியில் மூடினவங்க நிறைய. முதல் சில மணி நேரம் கொஞ்சம் இழுவைதான், ஒத்துக்கிறேன். ஆனால் ஃப்ராஜைல் என்கிற பெண்ணின் கதை வரும் வரைக்கும் பொறுத்துக்கிட்டு விளையாடுங்க. நடித்தவர் லியா சேடூ. முகம் அழகான இளம்பெண்ணின் முகம். கழுத்துக்குக் கீழே கிழவியின் உடம்பு. எப்படி? ஒரு ஊரையே அழிக்கக்கூடிய குண்டு அவள் கையில் மாட்டிக்கொள்கிறது. வில்லன் ஹிக்ஸ் அவளிடம், "நீ மட்டும் தப்பிச்சுப் போயிடலாம். இல்லேன்னா, துணி இல்லாம இந்த மழையில ஓடி குண்டைத் தூக்கிப் போடு" என்கிற மாதிரி சாய்ஸ் கொடுக்கிறான். முகத்தை மட்டும் மூடிக்கொண்டு ஓடுகிறாள். ஒவ்வொரு அடிக்கும் வயசு ஏறுகிறது. ஊர் பிழைத்துவிடுகிறது, அவள் இளமை திரும்பி வரவே இல்லை. அந்தக் காட்சிக்குப் பிறகு மழைச் சத்தம் கேட்டாலே எனக்கு தோள்பட்டை கூசியது.

இதே மழையை வைத்து விவசாயம் பார்க்கிறவர்களும் இருக்கிறார்கள். ஒரு பண்ணையில் டைம்ஃபாலைப் பயன்படுத்தி கோதுமை வளர்க்கிறார்கள். பல மாசத்து வேலை சீக்கிரமே முடிஞ்சிடுமே! நம்ம ஆளுங்க இருந்திருந்தால் வருஷத்துக்கு முந்நூறு போகம் பார்த்திருப்பாங்க.

கோஜிமாவின் நிஜமான கில்லாடித்தனம் வேறு இடத்தில். இது தனியாக விளையாடுகிற கேம். ஆனால் ஒரு பகுதியை நெட்வொர்க்கோடு இணைத்துவிட்டால், உலகத்தில் எங்கோ இருக்கிற இன்னொருத்தர் வைத்த ஏணி, போட்ட பாலம், கட்டிய மழைக் கொட்டகை எல்லாம் உங்கள் திரையில் வந்து நிற்கும். ஆளைப் பார்க்க முடியாது, பேச முடியாது. லைக் மட்டும் போடலாம். அந்த லைக்கை வைத்து ஒரு காப்பிகூட வாங்க முடியாது. இருந்தும் ஜனங்க விழுந்து விழுந்து கட்டினாங்க. கேம் வந்த சில மாசத்திலேயே 2020-ல் லாக்டவுன் வந்து, எல்லாரும் வீட்டுக்குள் அடைந்து, வாசல் மணியை அடிக்கிற டெலிவரி ஆளுக்காகக் காத்திருந்தோம் இல்லையா... அப்போ இதைத் திரும்பப் போட்டு விளையாடினவங்களுக்கு சிரிப்பு வந்திருக்காது.

கட்டியதும் நிலைக்காது என்பதுதான் கொடுமை. டைம்ஃபால் அதையும் அரிக்கும். பாலம் துருவேறிப் போகும், யாராவது பொருள் போட்டு ரிப்பேர் பண்ணினால்தான் நிற்கும். பனிமலையில் ஒரு பள்ளத்துக்கு நடுவே நான் ஒரு ஏணி போட்டேன். ரெண்டு நாள் கழித்து அந்தப் பக்கம் போனால் அதைக் காணோம். கொஞ்சம் தள்ளி, வேற யாரோ போட்ட புது ஏணி நின்றது. அதுவும் லேசாகத் துருப்பிடிக்க ஆரம்பித்திருந்தது. பெட்டிகளைச் சரி பண்ணிக்கிட்டு, அதில் ஏறிப் போனேன். லைக் பட்டனை எத்தனை தடவை அமுக்கினேன்னு எண்ணலை.