ஐந்து சாறன், இரண்டு சாரி, ஒரு கடன்

மருதமுனையில் தறியில் உட்காரும் உம்மா ஒவ்வொரு கிழமையும் ஒரு கணக்குப் போடுகிறார்: இந்தத் தடவை எத்தனை சாறன், எத்தனை சாரி? பக்கத்து அறையில் சாதாரண தரப் பரீட்சைக்குப் படிக்கும் மகனின் கொப்பியில் ‘சமனிலிகள்’ என்று ஓர் அலகு இருக்கிறது. இரண்டும் ஒரே கணக்குத்தான். அதை அந்த வீட்டில் யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை.

எழுதிப் பார்ப்போம். எண்கள் கணக்கு விளங்குவதற்காக வைத்தவை, சந்தை விலையல்ல. சாறன் ஒன்றுக்கு 4 மணித்தியாலம், சாரிக்கு 10. சமையல், பிள்ளைகள், தொழுகை எல்லாம் போக தறிக்குக் கிடைப்பது கிழமைக்கு 40 மணித்தியாலம். சாறனுக்கு 1,000 ரூபா நூல், சாரிக்கு 2,000. நூல் வாங்கக் கையில் 9,000 ரூபா. விற்றால் சாறனில் 600 ரூபாவும் சாரியில் 1,400 ரூபாவும் மிஞ்சும்.

4 × சாறன் + 10 × சாரி ≤ 40
1,000 × சாறன் + 2,000 × சாரி ≤ 9,000

சாரியில் இலாபம் கூட என்று சாரி மட்டும் நெய்தால் நான்கு முடியும், 5,600 ரூபா. சாறன் மட்டும் என்றால் ஒன்பது, 5,400. ஐந்து சாறனும் இரண்டு சாரியும் நெய்தால் 5,800. வரைபுத்தாளில் இரண்டு கோடுகளும் வெட்டும் புள்ளி அது. அந்த இடத்தில் ஒரு நிமிடமும் வீணில்லை, ஒரு ரூபாவும் சும்மா கிடக்கவில்லை.

சோவியத் கணிதவியலாளர் லியொனிட் கன்ரரோவிச் 1939இல் ஒட்டுப்பலகைத் தொழிற்சாலை ஒன்றின் இயந்திரங்களுக்கு வேலை பங்கிடப் புறப்பட்டு இந்த வழிக்கு வந்தார். 1947இல் அமெரிக்கரான ஜோர்ஜ் டான்சிக், சமனிலிகள் நூற்றுக்கணக்கில் இருந்தாலும் தீர்க்கும் முறையைத் தந்தார். கன்ரரோவிச்சுக்கு 1975இல் பொருளாதார நோபல் பரிசு கிடைத்தது. நேரம், காசு என்ற ஒவ்வொரு தடைக்கும் ஒரு விலை உண்டு, அதாவது அந்தத் தடையைக் கொஞ்சம் தளர்த்தினால் வருமானம் எவ்வளவு ஏறும் என்ற கணக்கு உண்டு என்பதும் அவர் கண்டதுதான். நம் கவலை தொடங்குவதும் அந்த விலையில்தான்.

நம் கணக்கில் நூற்காசை 1,000 ரூபாவால் கூட்டினால் கிழமை வருமானம் 200 ரூபா ஏறி 6,000 ஆகும். இன்னொரு 1,000 கொடுத்தால்? ஒரு சதமும் ஏறாது. 40 மணித்தியாலமும் முடிந்துவிட்டது. அதற்கு மேல் தட்டுப்பாடு காசில் இல்லை, நேரத்தில். நேரத்தைக் கடனாகக் கொடுப்பவர் எவருமில்லை.

நுண்கடன் ஆயிரமாக வருவதில்லை. 50,000 ரூபா வருகிறது என்று வைப்போம். கிழமைக்கு 1,250 வீதம் 52 கிழமை. திருப்பிக் கட்டுவது 65,000. நூலுக்குத் தேவைப்பட்டது 1,000 தான். மீதி கூரைத் தகட்டுக்கும் டியூஷனுக்கும் போய்விடும். வீட்டுச் செலவு கிழமைக்கு 5,000 என்றால் மூன்றாவது சமனிலி இது:

600 × சாறன் + 1,400 × சாரி ≥ 6,250

ஆகக்கூடிய வருமானமே 6,000. இந்த மூன்றையும் ஒருசேர நிறைவேற்றும் புள்ளி வரைபுத்தாளில் எங்கும் இல்லை. கிழமைக்கு 250 ரூபா துண்டு விழும். அதை அடைக்க இன்னொரு கடன் வரும். “கெட்டித்தனமாகப் புழங்கினால் கட்டலாமே” என்பவர்கள் இந்தக் கணக்கைப் பார்க்க வேண்டும். தீர்வில்லாத கணக்கை எந்தக் கெட்டித்தனமும் தீர்க்காது.

கடன் கைகொடுக்கும் காலமும் உண்டு. 2022 செப்டெம்பரில் கொழும்பு நுகர்வோர் விலைச் சுட்டெண்படி பணவீக்கம் 69.8 வீதத்தைத் தொட்டது. அப்படியொரு காலத்தில் பழைய காசுக்குப் பழைய அளவு நூல் வராது. தறியை ஓட்ட யாராவது காசு தரத்தான் வேண்டும். ஆனால் தறி ஓடத் தேவையான அளவுக்கு மேல் வாங்கிய ஒவ்வொரு ரூபாவும் வீட்டைத்தான் நெருக்கும்.

வட்டி ஹராம் என்று ஜும்ஆவில் கேட்காதவர் இந்தக் கிழக்குக் கரையில் இல்லை. ஆனாலும் அவசரம் வந்தால் கை நீள்கிறது. கடலையும் வயலையும் நம்பியவர்களுக்கு நிலைமை இன்னும் இறுக்கம். வாடைக்காற்றில் சாய்ந்தமருதில் தோணி இறங்காத நாட்களுண்டு. பெரும்போக அறுவடை முடிந்தால் சம்மாந்துறை வயலில் கூலி குறையும். சமனிலியின் ஒரு பக்கம் பருவத்தோடு சுருங்குகிறது. மறுபக்கத்தில் தவணை மட்டும் அப்படியே நிற்கிறது.

2016ஆம் ஆண்டின் 6ஆம் இலக்க நுண்நிதியளிப்புச் சட்டம் உரிமத்தையும் மேற்பார்வையையும் பேசுகிறது. அடுப்படிக் கணக்கு வீட்டாரின் பொறுப்பு. அதற்கு ஓ.எல் படிக்கும் பிள்ளையே போதும். படிவத்தில் ஒப்பமிட முன் மூன்று வரி எழுதச் சொல்லுங்கள்: நேரம், நூற்காசு, தவணையோடு சேர்த்த செலவு. மூன்றும் ஓரிடத்தில் சந்திக்காவிட்டால் அந்தப் படிவத்தைத் திருப்பிக் கொடுத்துவிடலாம்.