கலைவாணர் ஜெயிலில், மதுரம் செட்டில்!

எங்க கருங்கல் ஊரில் கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணன் என்று வாயெடுத்தாலே போதும், "நம்ம ஊர்க்காரராக்கும்" என்று நாலு பேர் நெஞ்சை நிமிர்த்துவார்கள். நாகர்கோவில் ஒழுகினசேரிக்காரர், சரிதான். ஆனால் கூடவே நின்று சிரிக்க வைத்த டி.ஏ. மதுரத்தை மட்டும் "அவரு பெஞ்சாதி" என்று ஒரே சொல்லில் முடித்து விடுகிறோமே, அநியாயம் இல்லையா? வாங்க, திரையை ஒதுக்கி எட்டிப் பார்ப்போம். சத்தம் காட்டாதீங்க, ஷூட்டிங் நடக்குது!

1936, புனே. 'வசந்தசேனா' படப்பிடிப்பு. தமிழ் சினிமா பேசத் தொடங்கி ஐந்தே வருடம். பாட்டுக்குத் தனியாக ஆள் வைக்கும் வசதியெல்லாம் இன்னும் வரவில்லை. கேமரா ஓட ஓட நடிக்கவும் வேண்டும், சொந்தக் குரலில் பாடவும் வேண்டும். வாத்தியக்காரர்கள் கேமரா கண்ணில் படாத மூலையில் பதுங்கியிருப்பார்கள். ஒரு தும்மல் போதும், ஷாட் போச்சு! திருச்சியிலிருந்து போன மதுரம் அங்கேதான் என்.எஸ். கிருஷ்ணனோடு ஜோடி சேர்ந்தார். கல்யாணமும் ஆயிற்று. மாப்பிள்ளைக்கு ஊரில் ஏற்கெனவே ஒரு மனைவி உண்டு என்பது மதுரத்துக்குப் பிற்பாடுதான் தெரிந்தது என்று சினிமாக்காரர்கள் கண் சிமிட்டிச் சொல்வார்கள். (எனக்கு இதில் சிரிப்பு வரவில்லை. மதுரத்துக்கும் வந்திருக்காது.)

இந்த ஜோடியின் தொழில் ரகசியம் கேட்டியளா? காமெடி ட்ராக்கைத் தங்கள் குழுவை வைத்துத் தாங்களே எழுதி, தாங்களே எடுத்து, அடுத்தவர் படத்துக்குள் சொருகிவிடுவார்கள். 'அம்பிகாபதி', 'ஹரிதாஸ்' என்று எம்.கே. தியாகராஜ பாகவதர் பாட்டுக்குக் கூட்டம் வந்த படங்களில்கூட இவர்களுக்கென்று தனிக் கைதட்டல்.

அப்புறம்தான் இடி. 1944 நவம்பரில் பத்திரிகைக்காரர் லட்சுமிகாந்தன் கொலை. அடுத்த மாதமே அந்த வழக்கில் பாகவதரும் கலைவாணரும் கைது. ஜோடி நடிப்பையே பிழைப்பாகக் கொண்ட மதுரத்துக்கு ஜோடி ஜெயிலில்! வழக்கோ லண்டன் பிரிவி கவுன்சில் வரை போகிறது. செலவுக்குப் பணம் திரட்ட வேண்டும், நாடகக் குழுவுக்குச் சோறு போட வேண்டும். குழுவுக்குள் பிணக்கு வந்து நடிகர் கே.ஆர். ராமசாமி பிரிந்து போய்த் தனிக் கம்பெனி தொடங்குகிறார். மதுரம் அசரவில்லை. நடிகர் எஸ்.வி. சகஸ்ரநாமத்தைத் துணைக்கு வைத்துக்கொண்டு என்.எஸ்.கே. நாடக சபாவை நடத்தினார். மேடையில் ஓடிய 'பைத்தியக்காரன்' நாடகம் கிருஷ்ணன்–பஞ்சு இயக்கத்தில் படமாகவும் வளர்ந்தது.

இப்போது காதைக் கொடுங்க, செம விஷயம் இதுதான். படம் பாதியில் நிற்கும்போது, 1947 ஏப்ரலில், கலைவாணர் விடுதலை! அவர் இல்லாமல் படமா? அவசரமாக அவருக்கொரு வேடம் முளைத்தது. வேடம் முளைத்தால் ஜோடி வேண்டாமா? மதுரமோ ஏற்கெனவே அதே படத்தில் வேறொரு பாத்திரத்தில் நடித்துக்கொண்டிருக்கிறார். அதனால் என்ன, இரட்டை வேடம்! புருஷனுக்கு ஜோடியாக வேறு ஆளைத் தேட விடுவாரா அவர்?

ஜெமினி ஸ்டுடியோ வாசனும் சும்மா இருக்கவில்லை. 1943-லேயே தொடங்கி இழுத்துக்கொண்டிருந்த 'சந்திரலேகா'வின் கதையைத் திருத்தி, இருவரையும் சர்க்கஸ்காரர்களாக உள்ளே நுழைத்தார். 1948-ல் படம் வந்தது. முரசு நடனம் பார்க்கத்தான் நாமெல்லாம் இன்றும் அதைப் போடுகிறோம். அடுத்த தடவை அவசரப்பட்டு ஓட்டிவிடாதீங்க. சர்க்கஸ் கூடாரத்தில் மதுரம் வருகிற இடத்தில் கொஞ்சம் நிறுத்துங்க.