அரங்கில் தடை, திரையில் வெற்றி

மெக்சிகோவின் முகமூடி மல்யுத்தப் படங்கள் என்றால் பலருக்கும் எல் சாந்தோ நினைவுக்கு வருவார். அவரோடு சேர்த்துச் சொல்ல வேண்டிய பெயர் லொரேனா வெலாஸ்கஸ்.

1937-இல் பிறந்த இவர், 1962-இல் வெளிவந்த ‘சாந்தோவும் இரத்தக்காட்டேரிப் பெண்களும்’ படத்தில் காட்டேரிகளின் அரசியாக மிரட்டினார். 1963-இல் ரெனே கார்டோனா இயக்கிய படத்திலோ, கொலைகார மருத்துவனை எதிர்க்கும் மல்யுத்த வீராங்கனையாக வந்தார்.

அதில் என்ன சிறப்பு? அன்று மெக்சிகோ நகர அரங்குகளில் பெண்கள் மல்யுத்தம் செய்யத் தடை இருந்தது. 1986-இல்தான் அது நீங்கியது. அரங்கில் காண முடியாததைத் தலைநகர ரசிகர்கள் திரையில் கண்டார்கள்.

பின்னாளில் தொலைக்காட்சி நாடகங்களிலும் நடித்த லொரேனா, 2024-இல் காலமானார். மலிவுப் படங்கள் என்று சிலர் ஒதுக்கினாலும், பெண் தன் கைபலத்தால் வெல்வதைத் திரையில் காட்டிய பெருமை அவருக்கு உண்டு.