உங்களுக்குத் தெரியுமா? பட்டன் போனிலும் ஓடியது ஃபேஸ்புக்!

ஸ்மார்ட்போன் பரவலாவதற்கு முன்பே சமூக வலைத்தளம் சட்டைப்பைக்குள் வந்துவிட்டது. 2011 ஜூலையில், பட்டன் கைப்பேசிகளுக்கென்றே ஒரு ஜாவா செயலியை ஃபேஸ்புக் வெளியிட்டது. 2,500-க்கும் மேற்பட்ட மாடல்களில் அது இயங்கியது. எப்படி? கனமான வேலையை எல்லாம் தொலைவிலுள்ள சர்வரே முடித்துவிடும். படமும் எழுத்தும் சுருங்கியே கைப்பேசிக்கு வந்து சேரும். பிரிஞ்சாங் போன்ற மலையூர்களில் சிக்னல் மெலியும் இடங்களுக்கு என்ன பொருத்தமான உத்தி! இதன் மூல நுட்பம் இஸ்ரேலின் ஸ்னாப்டு நிறுவனத்துடையது.

2012-ல் இந்தச் செயலியில் தமிழும் சேர்ந்தது. 2013 ஜூலையில் மாதப் பயனர்கள் 10 கோடி.

மலேசியாவுக்கும் சமூக வலைத்தளங்களின் கதையில் இடமுண்டு. ஃபேஸ்புக்குக்கு முன்பே தென்கிழக்காசிய இளைஞர்களைக் கட்டிப்போட்ட ஃபிரெண்ட்ஸ்டரை, 2009 டிசம்பரில் வாங்கியது மலேசியாவின் எம்ஓஎல் குளோபல். 2011-ல் அது விளையாட்டுத் தளமாக மாறியபோது, பயனர்கள் சேர்த்து வைத்திருந்த படங்கள் நீக்கப்பட்டன.